ஒளிரும் எழுத்தும் வாசிக்கும் கண்ணும்: டோல்கீன் புனைவுலகின் மூன்று பொறிப்புகள்

கற்பனைப் பெருங்கதைகளிலும், அவற்றின் வழிவந்த திரைப்படங்களிலும், கணினி விளையாட்டுகளிலும் ஒளிரும் எழுத்து இன்று பழகிப்போன காட்சியாகிவிட்டது. குகைச் சுவரில் நீல ஒளி வீசும் குறிகள், வாளின் அலகில் கனலும் வரிகள், மாயவித்தைக்காரன் காற்றில் வரைந்தவுடன் சுடர்விடும் வட்டங்கள் என அவை பலவகைப்படும். அவற்றைக் காணும் இளைஞர்களுள் எவரும் அங்கே என்ன எழுதப்பட்டிருக்கிறது என்று கேட்பதில்லை. கேட்க வேண்டிய தேவையும் அவர்களுக்கு நேர்வதில்லை. எழுத்து ஒளிர்ந்தால் அதில் ஆற்றல் உண்டு என்பதே அவர்களுக்குச் சொல்லப்படும் செய்தி. எழுத்து அங்கே விளக்காகிவிடுகிறது. விளக்கை யாரும் வாசிப்பதில்லை.

இக்காட்சியை நவீன ஆங்கிலப் புனைவில் நிலைபெறச் செய்தவர்களுள் முதன்மையானவர் ஜே.ஆர்.ஆர். டோல்கீன் (1892–1973). 1937-இல் வெளிவந்த 'தி ஹாபிட்', 1954, 1955 ஆகிய ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்த 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' ஆகிய இரு நூல்களிலும் ஒளிரும் எழுத்து மூன்று முக்கியக் கட்டங்களில் இடம்பெறுகிறது. நிலவொளியில் தோன்றும் வரைபட எழுத்து முதலாவது. நெருப்பில் தோன்றும் மோதிர எழுத்து இரண்டாவது. நிலவும் விண்மீனும் படத் தோன்றும் கதவு எழுத்து மூன்றாவது. இம்மூன்றையும் ஊன்றிப் படிப்பவர்க்கு ஓர் உண்மை புலப்படும். ஒளி தோன்றியவுடன் அங்கே எதுவும் முடிந்துவிடுவதில்லை. வாசிப்பு என்னும் கடினமான பணி அப்போதுதான் தொடங்குகிறது. அதுமட்டுமின்றி, எழுத்தைத் தன் உடைமையாகக் கொண்டிருப்பவன் மூன்று இடங்களிலும் அதை அறியாமல் நிற்கிறான். வேறொருவருடைய கண்ணோ கேள்வியோ அதைத் திறந்து வைக்கிறது. இந்த ஒற்றுமையை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சொல்லாராய்ச்சியாளரின் புனைவு

டோல்கீன் தொழிலால் மொழியியல் அறிஞர். 1919, 1920 ஆகிய ஆண்டுகளில் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதிப் பணியில் ஈடுபட்டார். 1925 முதல் 1945 வரை ஆக்ஸ்ஃபோர்டில் ஆங்கிலோ-சாக்ஸன் மொழிப் பேராசிரியராகவும், பின்னர் 1959 வரை ஆங்கில மொழி இலக்கியப் பேராசிரியராகவும் விளங்கினார். பழைய கையெழுத்துச் சுவடிகளும் தேய்ந்த கல்வெட்டுகளும் அவருக்கு அன்றாடப் பொருள்கள். 'ரூன்' எனப்படும் வடஐரோப்பியப் பழைய எழுத்துகளை அவர் மாயக்குறிகளாக மட்டும் அறிந்தவர் அல்லர். பெயரும் வினையும் அடங்கிய வாக்கியங்களாக அவற்றை வாசித்தவர்.

ரூன் என்னும் சொல்லுக்குப் பழைய ஆங்கிலத்தில் இரகசியம், ஆலோசனை என்னும் பொருள்கள் உண்டு. ஆயினும் இன்று எஞ்சியுள்ள ரூன் பொறிப்புகளுள் மிகப் பல எளிய செய்திகளையே தாங்கியுள்ளன. இப்பொருளைச் செய்தவர் இன்னார், இது இன்னாருடையது, இன்னாரின் நினைவாக இன்னார் இக்கல்லை நட்டார் என்பன போன்றவையே அவை. டென்மார்க்கின் கேலஹஸ் என்னும் ஊரில் 1734-இல் கிடைத்த பொற்கொம்பில் இருந்த பொறிப்பும் அக்கொம்பைச் செய்தவனின் பெயரையே கூறியது. அக்கொம்பு 1802-இல் திருடப்பட்டு உருக்கப்பட்டுவிட்டது. பொன் அழிந்தது, முன்பே படியெடுத்து வைத்தவர்களால் வாசகம் பிழைத்தது. டோல்கீன் வாழ்நாள் முழுதும் ஆராய்ந்த 'பேயோவுல்ஃப்' காவியத்திலும் ஒரு வாளின் பிடியில் ரூன் எழுத்துகள் வருகின்றன. அலகு உருகிப்போக, பிடி மட்டும் எஞ்சுகிறது. அந்த வாள் யாருக்காகச் செய்யப்பட்டதென அவ்வெழுத்துகள் தெரிவிக்கின்றன.

பொருள் அழியும், எழுத்து ஒருவரின் பெயரைத் தாங்கி நிற்கும், அதை வாசிக்க ஒருவர் வரவேண்டும். இந்த அறிவோடுதான் டோல்கீன் தம் புனைவுலகின் எழுத்துகளுக்கு ஒளியேற்றினார்.

நிலவெழுத்து: உரிய காலமும் பிறர் கண்ணும்

'தி ஹாபிட்' கதையில் தோரின் என்னும் குள்ளர் தலைவனிடம் அவனுடைய பாட்டனார் த்ரோரின் வரைபடம் ஒன்று இருக்கிறது. டிராகன் கவர்ந்துகொண்ட மலையரசுக்குள் நுழையும் மறைவழி அதில் குறிக்கப்பட்டுள்ளது. வெளிப்படையான எழுத்துகள் அதில் முன்பே இருந்தன. அவற்றை எல்லோரும் வாசித்துவிட்டனர். எனவே வரைபடம் முழுவதையும் அறிந்துவிட்டதாகவே அவர்கள் எண்ணியிருந்தனர்.

வழியில் ரிவெண்டெல் என்னும் இடத்தில் எல்ராண்ட் அவர்களுக்கு விருந்தளிக்கிறார். அவர் குள்ளர் இனத்தவர் அல்லர். குள்ளர்களின் பொன்னாசையை அவர் முழுதும் ஏற்பவரும் அல்லர். வரைபடத்தை அவர் உயர்த்திப் பிடித்தபோது பின்னாலிருந்து நிலவொளி ஊடுருவ, மறைந்திருந்த எழுத்துகள் தோன்றுகின்றன. அவை எழுதப்பட்ட நாளில் இருந்த அதே பருவமும் அதே நிலவின் வடிவமும் கூடிய இரவில் மட்டுமே அவற்றைக் காண முடியும். கோடையின் நடுநாளுக்கு முந்தைய மாலையில், பிறைநிலவின் கீழ் அவை எழுதப்பட்டவை. அவர்கள் அங்கே தங்கியிருந்ததும் அதே மாலையில்தான். ஒருநாள் பிந்தியிருந்தாலும் அவ்வாசகம் கைக்கு எட்டாமற் போயிருக்கும்.

குள்ளர்களின் இரகசியத்தை, குள்ளர்களே கண்டுபிடித்த எழுத்து முறையில், குள்ளர்களின் மரபுச்சொத்தான தாளிலிருந்து வாசித்துக் காட்டியவர் அயலார் ஒருவர் என்பது கருதத்தக்கது. தாளை அதுவரை காத்து வந்தவர்களுக்கு அதனுள் இன்னொரு வாசகம் உண்டென்பதே தெரியாது. காப்பது வேறு, வாசிப்பது வேறு என்பதை டோல்கீன் எவ்வித உபதேசமும் இன்றி இக்காட்சியில் நிறுவிவிடுகிறார்.

வாசித்த பின்னும் பணி முடியவில்லை. சாம்பல்நிறக் கல்லருகே பறவை தட்டும்போது, டுரின் நாளின் மறையும் கதிர் சாவித்துளையைக் காட்டும் என்பது அவ்வாசகத்தின் கருத்து. டுரின் நாள் என்பது குள்ளர்களின் புத்தாண்டு நாளில் இலையுதிர் காலத்தின் கடைசி நிலவும் கதிரவனும் ஒருசேர வானில் தோன்றும் நாள். அந்நாள் எப்போது வரும் என்று கணிக்கும் திறன் இப்போது தம் மக்களிடம் இல்லையெனத் தோரினே ஒப்புக்கொள்கிறான். எழுத்து கிடைத்தது, அதற்குரிய நாட்காட்டிக் கணிதம் தொலைந்துபோயிருந்தது. பிறை பார்த்து மாதம் தொடங்கும் மரபில் வந்த நமக்கு இவ்விழப்பின் பொருளை விளக்க வேண்டியதில்லை. ஒரு நூல் எஞ்சியிருப்பதனால் மட்டும் அந்நூலின் கல்வி எஞ்சியிருப்பதாகாது.

இங்கே ஓர் அச்சகச் செய்தியையும் குறிப்பிட வேண்டும். வரைபடத்தின் பின்புறத்தில் நிலவெழுத்துகளைத் தலைகீழாக அச்சிட்டு, வாசகர் தாளை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் மட்டும் அவை தெரியுமாறு அமைக்க வேண்டும் என்று டோல்கீன் விரும்பினார். வரைபடமோ நூலின் உள்ளட்டைத் தாளாக அச்சிடப்பட்டு, நிலவெழுத்துகளும் முன்புறத்திலேயே வெளிப்படையாக இடம்பெற்றன. எல்ராண்ட் செய்ததை வாசகரும் தம் கையால் செய்து பார்க்கட்டும் என்பது ஆசிரியரின் எண்ணம். ஒளியை வேடிக்கை பார்ப்பதோடு நில்லாமல் தேடுவோராகவும் தம் வாசகர் இருக்க வேண்டுமென்று அவர் கருதினார் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

தீயெழுத்து: அழகு உண்மைக்குச் சான்றாகுமா?

இரண்டாவது பொறிப்பு மோதிரத்தில் உள்ளது. ஃப்ரோடோ என்னும் ஹாபிட்டுக்கு மரபுரிமையாகக் கிடைத்த அந்தப் பொன்மோதிரத்தில் எந்தக் குறியும் தெரிவதில்லை. அவனுடைய வீட்டுக் கணப்பில் கண்டால்ஃப் அதை எறிந்து எடுத்த பின்னர், அதன் உட்புறமும் வெளிப்புறமும் மெல்லிய நெருப்புக் கோடுகளாக எழுத்துகள் ஒளிர்கின்றன. தன்னால் வாசிக்க முடியவில்லை என்கிறான் ஃப்ரோடோ. கண்டால்ஃப் அதன் பொருளை விளக்குகிறார்.

பலரும் இக்காட்சியின் ஒளியை நினைவில் வைத்திருக்கிறார்கள். அதற்கு முன்னர் நடந்ததை மறந்துவிடுகிறார்கள். மோதிரத்தை நெருப்பிலிட்டுச் சோதிக்கலாம் என்பது கண்டால்ஃபுக்கு எங்கிருந்து தெரிந்தது? எல்ராண்டின் அவையில் அவரே அதைக் கூறுகிறார். மினாஸ் திரித் நகரின் பழஞ்சுவடிகளுக்கிடையே அவர் நெடுநேரம் தேடினார். அங்குள்ள பல ஏடுகளை அந்நகரத்து அறிஞர்களுள்ளும் சிலரே வாசிக்க வல்லவர். எழுத்தும் மொழியும் பிற்காலத்தவருக்கு இருண்டுபோயிருந்தன. அவற்றுள் இசில்தூர் மன்னனே எழுதிவைத்த ஒரு சுருள் கிடைக்கிறது. மோதிரம் முதலில் தன் கைக்கு வந்தபோது தணலாகச் சுட்டது என்றும், அது ஆற ஆற எழுத்துகள் மங்கின என்றும், மறையுமுன் அவற்றைத் தான் படியெடுத்ததாகவும் அவன் எழுதியிருந்தான். பொன் மீண்டும் சூடேறினால் எழுத்தும் மீளக்கூடும் என்ற ஊகமும் அதில் இருந்தது.

ஆக, கண்டால்ஃப் கணப்பில் செய்தது மாயவித்தை அன்று. ஒரு சுவடியில் கண்ட கூற்றை அவர் நேரில் சரிபார்த்தார். படியெடுத்த வாசகத்தை மூலத்தோடு ஒப்பிட்டார். சுவடிப் பதிப்பாசிரியர் எவரும் அறிந்த முறையே இது. உலகின் விதியை மாற்றிய கண்டுபிடிப்பு ஒரு நூலகத்தின் தூசிக்குள்ளிருந்து புறப்பட்டது என்பதை டோல்கீன் வேண்டுமென்றே அவ்வாறு அமைத்திருக்கிறார் எனலாம்.

நெருப்பில் தோன்றும் எழுத்து அரபு மரபுக்கும் புதிதன்று. மம்லூக் ஆட்சிக்கால எகிப்தின் அரசு எழுத்தராகிய அல்கல்கஷந்தி (இறப்பு ஹிஜ்ரி 821 / கி.பி. 1418) தம்முடைய 'ஸுப்ஹுல் அஃஷா' என்னும் பெருநூலில் கடிதங்களின் செய்தியை மறைக்கும் முறைகளை விவரிக்கிறார். அவற்றுள் ஒன்று, நவச்சாரம் கலந்த பாலால் எழுதுவது. எழுதியது கண்ணுக்குத் தெரியாது. தாளை நெருப்பருகே கொண்டுசெல்ல எழுத்து வெளிப்படும். அந்த எழுத்தர் இதை மாயமென்று கூறவில்லை. மையும் தாளும் பேனாவும் போல அலுவலக நுட்பங்களுள் ஒன்றாகவே அவர் இதை வரிசைப்படுத்துகிறார். மறைந்த எழுத்து யாரோ ஒருவர் வாசிப்பதற்காகவே மறைக்கப்பட்டது என்பது அவர் நூலில் ஐயத்துக்கு இடமில்லாத செய்தி. டோல்கீன் இந்நூலை அறிந்திருந்தார் என்று நாம் சொல்ல வரவில்லை. இருவரும் எழுத்தை நோக்கிய பார்வை ஒன்றுபடுகிறது என்பதே நம் கருத்து.

மோதிர எழுத்தில் கருதத்தக்க இன்னொன்று உண்டு. அவ்வெழுத்துகள் எல்ஃபுகளின் அழகிய 'தெங்வார்' எழுத்துகள். மொழியோ மோர்டோரின் கறுப்பு மொழி. இவ்வளவு நுண்மையான வேலைக்குரிய எழுத்து மோர்டோரிடம் இல்லாமையால் எரெகியானின் எழுத்து பயன்படுத்தப்பட்டது என இசில்தூரே குறிப்பிடுகிறான். பிற மோதிரங்கள் அனைத்தையும் ஆண்டு, அவற்றை அணிந்தோரை இருளில் பிணைப்பதே அவ்வாசகத்தின் நோக்கம். ஒளி உண்டு, அழகு உண்டு, நுண்மை உண்டு, பொருளோ அடிமைத்தளை. எழுத்தின் வடிவழகு அதன் வாசகத்துக்குச் சான்றாகாது. ஒளிர்வதெல்லாம் நல்லது என்றெண்ணும் கண்ணுக்கு இதைவிடக் கடுமையான பாடம் வேறில்லை.

கதவெழுத்து: ஒரு சொல்லின் இலக்கண நிலை

மூன்றாவது பொறிப்பு மோரியாவின் மேற்கு வாயிலில் உள்ளது. குள்ளர்களின் நிலத்தடி அரசுக்கும் எரெகியானின் எல்ஃபுகளுக்கும் இடையே நெருங்கிய உறவு நிலவிய காலத்தில் அக்கதவுகள் அமைக்கப்பட்டன. கதவைச் செய்தவன் குள்ளனாகிய நர்வி. குறிகளை வரைந்தவன் எல்ஃபாகிய கெலிபிரிம்போர். இருவர் பெயரும் பொறிப்பிலேயே உள்ளன. வரைவுக்குப் பயன்பட்டது 'இதில்தின்' என்னும் உலோகம். நிலவு, விண்மீன் என்ற இரு சொற்களின் சேர்க்கையே அப்பெயர். நிலவொளியையும் விண்மீன் ஒளியையும் மட்டுமே அது பிரதிபலிக்கும்; மறந்துபோன பழஞ்சொற்களைக் கூறித் தொடுபவர் வரும்வரை உறங்கிக்கிடக்கும்.

பயணிகள் அங்கே வந்து சேரும் வழியில் ஓர் உரையாடல் நிகழ்கிறது. இரு இனங்களின் நட்பு தேய்ந்ததற்குத் தம் மக்கள் காரணமல்லர் என்கிறான் குள்ளனாகிய கிம்லி. எல்ஃபுகள் காரணமென்று தான் கேள்விப்பட்டதில்லை என்கிறான் லெகோலாஸ். இரண்டையும் தாம் கேட்டிருப்பதாகக் கூறி வழக்கை முடித்துவைக்கிறார் கண்டால்ஃப். பின்னர் நிலவு வெளிப்பட, பாறையில் வெள்ளிக் கோடுகள் மெல்ல விரிகின்றன. அப்போது ஒவ்வொருவரும் தத்தம் மக்களின் சின்னத்தையே முதலில் அடையாளம் காண்கிறார்கள். டுரினின் சின்னங்களைக் கிம்லி காண்கிறான். உயர் எல்ஃபுகளின் மரத்தை லெகோலாஸ் காண்கிறான். சமூகங்கள் ஒரு பொதுச்சின்னத்தின் முன்னர் நிற்கும்போது நிகழ்வது பெரும்பாலும் இதுவே.

அடுத்து வாசிப்பு. மோரியாவின் தலைவன் டுரினின் கதவுகள் இவை என்று கூறிய பின், நண்பன் பேசி உள்ளே வரவேண்டும் என்பதுபோல் ஒரு தொடர் வருகிறது. நண்பனாக இருப்பவன் கடவுச்சொல்லைக் கூறினால் கதவு திறக்கும் என்று கண்டால்ஃப் பொருள் கொள்கிறார். அந்தக் கடவுச்சொல்லைத் தேடித் தமக்குத் தெரிந்த மொழிகளிலுள்ள திறப்பு மந்திரங்களையெல்லாம் ஓதிப் பார்க்கிறார். கோலால் தட்டுகிறார், கட்டளையிடுகிறார், சினக்கிறார். கதவு அசையவில்லை.

கல்வி குறைந்த மெர்ரி என்னும் இளைஞன் முன்பு அத்தொடருக்கு என்ன பொருள் என்று கேட்டிருந்தான். அக்கேள்வியின் தடத்திலேயே விடை கிடைக்கிறது. 'நண்பன்' என்னும் சொல்லைச் சொல்லி உள்ளே வரலாம் என்பதே தொடரின் பொருள். சிந்தாரின் மொழியில் நண்பன் என்பதற்குரிய 'மெல்லோன்' என்ற சொல்லைச் சொன்னவுடன் கதவு திறக்கிறது. கடவுச்சொல் கதவிலேயே எழுதப்பட்டிருந்தது.

நஹ்வு கற்றவர் எவரும் இவ்விடத்தில் ஒரு கணம் நிற்பர். இங்கே சிக்கல் சொல்லின் பொருளில் இல்லை. அதன் இலக்கண நிலையில் இருக்கிறது. அச்சொல் முனாதாவா, மகூலுல் கவ்லா? அதாவது, நண்பனை நோக்கிய விளியா, சொல்லப்பட வேண்டிய சொல்லா? அரபு மொழியில் இஃராப் பெரும்பாலும் அதைக் காட்டிக்கொடுத்துவிடும். தமிழில் 'என்று' என்னும் ஒரு சொல் போதும். கதவில் அத்தகைய குறி எதுவுமில்லை. தொடக்ககால அரபுச் சுவடிகளில் புள்ளிகளும் உயிர்க்குறிகளும் முறையாக இடப்படாமையால் நேர்ந்த இடர்ப்பாடுகளை அறிந்தவர்க்கு, குறியற்ற ஓர் எழுத்து எத்தகைய அறிஞரையும் தடுமாறச் செய்யும் என்பது தெரியும்.

2001-இல் பீட்டர் ஜாக்ஸன் எடுத்த திரைப்படத்தில் இக்கட்டம் விடுகதையாக மாற்றப்பட்டது. ஃப்ரோடோ அதை விடுவிக்கிறான். காட்சி என்ற அளவில் அது நன்றாகவே அமைந்துள்ளது. ஆயினும் அதில் இழப்பு உண்டு. விடுகதை கேட்பவனை மயக்குவதற்காகவே அமைக்கப்படுவது. டோல்கீனின் கதவோ யாரையும் மயக்க நினைக்கவில்லை, வெளிப்படையாகவே பேசியது. சந்தேகம் நிறைந்த காலத்தில் வாழ்ந்த அறிஞரால் அவ்வெளிப்படையை நம்ப இயலவில்லை. தாம் தேடியதைவிட விடை எளிதாயிருந்தது என்றும், அவை மகிழ்ச்சியான காலங்கள் என்றும் கண்டால்ஃப் பின்னர் உணர்வது இதனாலேயே. பூட்டு கதவில் இருந்ததைவிட வாசித்தவரின் காலத்தில் இருந்தது என்பதே பொருத்தம்.

மோதிரத்தின் எழுத்தும் கதவின் எழுத்தும் ஒரே எழுத்துக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்பதை இங்கே நினைவுகூர வேண்டும். கதவில் குறிகளை வரைந்த கெலிபிரிம்போரின் எரெகியான் பின்னாளில் சவ்ரானால் ஏமாற்றப்பட்டு, அவனாலேயே அழிக்கப்பட்டது. அதே எழுத்துகள் ஓரிடத்தில் நண்பனை உள்ளே அழைத்தன. மற்றோரிடத்தில் அனைவரையும் பிணைத்தன. எழுத்துக்குத் தனியே நன்மையும் இல்லை, தீமையும் இல்லை; அது யாரை நோக்கி என்ன சொல்கிறது என்பதில்தான் எல்லாம் அடங்கியிருக்கிறது.

ஓர் எதிர்வாதம்

நம் கருத்துக்கு எதிராக ஒன்றைச் சொல்லலாம். எல்ராண்டின் அவையில் கண்டால்ஃப் மோதிர வாசகத்தை அதன் மூலமொழியில் ஒலிக்கும்போது, கதிரவன்மீது நிழல் படர்ந்ததுபோல் இருள்கிறது. எல்ஃபுகள் காதைப் பொத்திக்கொள்கிறார்கள். பொருள் விளங்காதவரும் நடுங்குகிறார்கள். அவ்வாறாயின் ஒலிக்கே ஆற்றல் இருக்கிறதல்லவா? இதில்தின் குறிகளை எழுப்பவும் கண்டால்ஃப் சில சொற்களை முணுமுணுக்க வேண்டியிருந்ததே?

இவ்வாதத்தை முற்றிலும் மறுக்க இயலாது. டோல்கீனின் உலகில் மாயம் உண்டு. அதை நீக்கிப் படிப்பது அந்நூலுக்கு நேர்மை செய்வதாகாது. ஆயினும் ஒரு வேறுபாடு தெளிவாக நிற்கிறது. கேட்பவர் புரிந்துகொண்டாலும் இல்லாவிட்டாலும் செயல்படுவது கொடுங்கோலனின் மொழி. அதற்கு வாசகன் தேவையில்லை, பணிபவன் போதும். நண்பர்கள் எழுதிய கதவோ புரிந்துகொள்ளப்படும்வரை காத்திருக்கிறது. இதில்தினை எழுப்பிய மந்திரம் எழுத்தைக் கண்ணுக்குக் காட்டியது, கதவைத் திறக்கவில்லை. ஆற்றலால் எழுத்தைக் காணலாம், அறிவால் மட்டுமே அதற்குள் நுழையலாம் என்னும் எல்லைக்கோட்டை ஆசிரியர் பேணியிருக்கிறார்.

வழிவந்தவர்கள் எடுத்துக்கொண்டதும் விட்டுவிட்டதும்

டோல்கீனுக்குப் பின் வந்தோர் அவரிடமிருந்து ஒளியை எடுத்துக்கொண்டனர். வாசிப்பைப் பெரும்பாலும் விட்டுவிட்டனர். இதற்கு ஒரு நல்ல எடுத்துக்காட்டு, 2011-இல் வெளிவந்த 'ஸ்கைரிம்' என்னும் கணினி விளையாட்டு. மாணவர்களுள் பலரும் அறிந்த அவ்விளையாட்டில் 'சொற்சுவர்கள்' என்னும் பழங்கற்சுவர்கள் வருகின்றன. டிராகன்களின் மொழியில், நகத்தால் கீறியது போன்ற எழுத்துகளில் அவை செதுக்கப்பட்டுள்ளன. விளையாடுபவன் அருகே சென்றவுடன் ஒரு சொல் மட்டும் ஒளிர்ந்து அவனுக்குள் பாய்கிறது. ஓர் ஆற்றல் கிடைக்கிறது. அவன் எதையும் வாசிக்க வேண்டியதில்லை.

வியப்பு என்னவெனில், அச்சுவர்களில் உள்ளவை வெறும் அலங்காரக் கீறல்கள் அல்ல. அமைப்பாளர்கள் ஒரு மொழியை உருவாக்கி, முறையான வாக்கியங்களை அங்கே எழுதியிருக்கிறார்கள். அவற்றுள் பல, இறந்த ஒருவரின் நினைவாக இக்கல் எழுப்பப்பட்டது என்னும் வகையிலான இரங்கற் குறிப்புகள். ஸ்காண்டிநேவிய ரூன் கற்களின் மரபை அறிந்தவர்களே அவ்வாறு எழுத முடியும். ஆர்வலர்கள் சிலர் அம்மொழியைக் கற்று வாசித்தும் இருக்கிறார்கள். ஆனால் விளையாட்டின் விதி வாசிப்பைக் கோருவதில்லை. ஆற்றலைப் பெற்றுக்கொண்டு நகர்பவன், தான் ஒருவருடைய நினைவுக்கல்லின் முன்னே நின்றதை அறியாமலே போகிறான். ஒளிர்ந்த சொல் அவனுக்குக் கிடைத்தது. இறந்தவரின் பெயர் அவனை எட்டவில்லை.

இதை மேலைநாட்டு இளைஞரின் குறையாக மட்டும் கண்டு நாம் அமைதியடைய முடியாது. எழுத்தை ஆற்றலாகக் காணும் போக்கு நம் மரபிலும் நெடுங்காலமாக உண்டு. அல்பூனியின் பெயரால் வழங்கும் 'ஷம்ஸுல் மஆரிஃப்' போன்ற நூல்களில் எழுத்துகளும் எண்களும் கட்டங்களில் அடைக்கப்பட்டுப் பயன்களோடு பட்டியலிடப்படுகின்றன. இப்னு கல்தூன் தம்முடைய 'முகத்திமா'வில் எழுத்துகளின் இரகசியம் பற்றிய கல்விக்கு ஓர் இயலையே ஒதுக்கி விவாதிக்கிறார். அதன் மார்க்கச் சட்டத் தீர்ப்பு இக்கட்டுரையின் எல்லைக்கு அப்பாற்பட்டது. நாம் சுட்ட விரும்புவது வாசிப்பு பற்றிய ஒரு செய்தியை மட்டுமே. கழுத்தில் தாயத்து அணிந்திருப்பவரிடம் உள்ளே எழுதியிருப்பது என்னவென்று கேட்டால், பெரும்பாலும் அவருக்குத் தெரிவதில்லை. வீட்டுச் சுவரில் பொன்னிற எழுத்தணிச் சட்டம் மாட்டியிருப்பவரிடமும் அதே கேள்வியைக் கேட்கலாம். எழுத்தைப் போற்றுவது நற்பண்பே. போற்றுதல் வாசிப்புக்கு ஈடாகிவிட்டது என்று எண்ணும்போதுதான் த்ரோரின் வரைபடத்தைச் சுமந்து திரிந்தவர்களின் நிலைக்கு நாமும் வந்துசேர்கிறோம்.

டோல்கீனின் மூன்று பொறிப்புகளும் மூன்று தகுதிகளைக் கோருகின்றன. நிலவெழுத்து உரிய காலத்தை அறிந்த கண்ணையும், தன் தாளைப் பிறரிடம் கொடுக்கும் மனத்தையும் கேட்கிறது. தீயெழுத்து பழஞ்சுவடிகளைத் தேடும் உழைப்பையும், அழகில் மயங்காத தெளிவையும் கேட்கிறது. கதவெழுத்து இலக்கணத்தையும், அதனோடு நல்லெண்ணத்தையும் கேட்கிறது. இவற்றுள் கடைசியே அரிதானது. ஆயிரம் மந்திரம் அறிந்தவரை நிறுத்திவைத்த கதவு, எல்லா மொழியிலும் முதலில் கற்றுக்கொடுக்கப்படும் சொற்களுள் ஒன்றுக்குத் திறந்தது. அன்றிரவே நீரிலிருந்து எழுந்த ஒரு தீய விலங்கு அக்கதவுகளை அறைந்து மூட, அவ்வழி அடைபட்டுப் போகிறது. நர்வியும் கெலிபிரிம்போரும் சேர்ந்து எழுதிய அச்சொல்லைக் கதையில் அதன்பின் வாசிப்பவர் எவருமில்லை. நூலைக் கையில் எடுக்கும் வாசகர் மட்டுமே எஞ்சியிருக்கிறார்.